கடல் என்று பெயர் வைத்த போன்

என் கணினிக்குள் ஒரு போன் இருந்தது. அதைக் கையில் எடுக்க முடியாது, பையில் போட முடியாது, கீழே விழுந்து உடையவும் உடையாது. திரையின் ஓர் ஓரத்தில் உண்மையான போனைப் போலவே நிற்கும். தொட்டால் விழித்துக்கொள்ளும், நேரம் காட்டும், தானும் ஒரு போன்தான் என்று முழுமனதாக நம்பும். போன்களுக்குச் செயலி எழுதுகிறவர்களின் கணினியில் இப்படி ஒன்று இருப்பது வழக்கம். எழுதியதை ஓட்டிப் பார்க்க ஒவ்வொரு முறையும் மெய்யான போனைத் தேடிக்கொண்டு திரிய முடியாது என்பதால், மென்பொருள் எழுதும் கருவிகளோடு சேர்த்து இந்தப் பொய்ப் போனையும் நிறுவிக்கொள்வோம். என்னுடையதற்கு நான் கடல் என்று பெயர் வைத்திருந்தேன்.

அந்தப் பெயருக்குக் காரணம் என் அண்ணை. நான் பிறந்தது கடற்கரையில் உள்ள குருநகரில், கலியாணம் கட்டி வந்தது நீர்வேலிக்கு. இங்கே வீட்டைச் சுற்றி வாழை. யன்னலைத் திறந்தால் இலை உள்ளே எட்டிப் பார்க்கும். அந்த யன்னலுக்குப் பக்கத்து மேசையில் இருந்துதான் கொழும்பில் உள்ள ஒரு கம்பனிக்கு வேலை செய்கிறேன். என் கணவர், இவர், தோட்டத்தில் வாழையோடு மல்லுக்கட்டுவார், நான் உள்ளே கணினியோடு மல்லுக்கட்டுவேன். அண்ணைக்கு இந்த இரண்டு தொழிலிலும் பெரிய மதிப்பு இல்லை. பள்ளிக்கூடத்தை விட்ட நாளிலிருந்து முப்பது வருடத்துக்கு மேல் கடலில் நின்றவர் அவர். தரையில் செய்கிற வேலை எல்லாமே அவருக்கு ஓய்வு எடுக்கிற மாதிரித்தான்.

எங்கள் கரையில் ஒரு வழக்கம் உண்டு. கேட்டால் உடுத்திருக்கிற சாரத்தைக்கூடக் கழற்றித் தருவார்கள். ஆனால் மீன் எங்கே கிடைத்தது என்று மட்டும் சொல்ல மாட்டார்கள். கடலுக்கு அடியில் கல்லும் பாசியுமாகக் கிடக்கிற இடங்களில் மீன் தங்கும். அந்தக் கல்லுகள் எங்கே என்பது ஒவ்வொருவருடைய சொந்தச் சங்கதி. கேட்கிறவனுக்கு எதிர்த்திசையைக் கையால் காட்டுவதில் பாவம் எதுவும் இல்லை, சுவாமியாரிடம் பாவசங்கீர்த்தனத்தில் அதைச் சொல்லவும் தேவையில்லை என்பது எல்லோருடைய துணிபு. அப்பா தன் இடங்களை அண்ணைக்கே சொல்லாமல்தான் கண்ணை மூடினார். அண்ணை அதற்காக அவர் மேல் கோபப்பட்டதே இல்லை.

அண்ணைக்குச் சொந்தமாக இருபத்து மூன்று கல்லுகள் இருந்தன. மீன்பிடிப் போட்டில் இருந்த பழைய ஜிபிஎஸ் கருவியிலும், மெழுகுச் சீலையில் சுற்றிய ஒரு குறிப்புக் கொப்பியிலும் அவற்றின் இலக்கங்கள் இருந்தன. இரண்டு வருடத்துக்கு முன் ஒரு நாள் கடலில் வைத்து அவருக்கு நெஞ்சு நொந்தது. கூட்டாளிதான் கரைக்குக் கொண்டுவந்து சேர்த்தார். இருதயத்தில் சத்திரசிகிச்சை செய்தார்கள். இப்போதைக்குக் கடல் வேண்டாம் என்று டொக்டர் சொன்னார். அண்ணை அதை மழைக்காலத்தில் போட்டைக் கரையில் ஏற்றி வைப்பது போல எடுத்துக்கொண்டார். போட்டைக் கூட்டாளியிடம் ஓடக் கொடுத்தார். கொடுப்பதற்கு முதல் ஜிபிஎஸ்ஸில் இருந்த இடங்களை ஒவ்வொன்றாக அழித்தார். பிறகு கொப்பியை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார்.

மயக்க ஊசிக்குப் பிறகு ஞாபகம் முன்னைப் போல இல்லை, சில இலக்கங்கள் ஒன்றோடொன்று மாறுகின்றன என்று வெட்கப்பட்டுச் சொன்னார். கொப்பியை வீட்டில் வைக்கப் பயம். மருமக்கள், கூட்டாளியின் மனைவி, கோழிமுட்டை கேட்டு வருகிற பக்கத்து வீட்டுக்காரி என்று எல்லோரையும் சந்தேகப்பட்டார். அவருடைய போனில் ஒரு சிறு செயலி எழுதித் தருகிறேன் என்றேன். போன் பழுதானால் கடைக்காரன் திறந்து பார்ப்பானே என்றார். அப்போதுதான், செயலி எப்படி இருக்கும் என்று காட்டுவதற்காக, கணினிக்குள் இருந்த பொய்ப் போனை எழுப்பினேன். அண்ணை கதிரையை இழுத்துப் போட்டு வெகுநேரம் அதைப் பார்த்தார்.

"கையிலை எடுக்கேலாத போனெண்டா ஒருத்தரும் எடுக்கமாட்டினம், என்ன?" என்றார்.

சரி, இதற்குள்ளேயே வைப்போம் என்றேன். எழுதிய செயலியை அந்தப் போனிலேயே ஏற்றினேன். நான்கு இலக்கப் பூட்டு ஒன்றும் போட்டேன். அதை வேறு எங்கும் பிரதி எடுத்து வைக்கக் கூடாது, இன்ரநெற்றில் போடக் கூடாது, நானும் பார்க்கக் கூடாது என்று மாதாவின் பெயரால் சத்தியம் வாங்கினார். பிரதி இல்லாமல் எதையும் வைக்காதே என்பதுதான் எங்கள் தொழிலில் முதல் பாடம். நான் அதை எத்தனை புதுப் பிள்ளைகளுக்குக் கொழும்பில் முழங்கியிருக்கிறேன். ஆனாலும் கரையில் பிறந்த புத்தி என்னைத் தலையாட்ட வைத்தது. மூன்று ஞாயிற்றுக்கிழமைகள் ஒற்றை விரலால் தட்டித் தட்டி இருபத்து மூன்றையும் ஏற்றினார். அவர் தட்டும்போது நான் முகத்தை யன்னல் பக்கம் திருப்பிக்கொள்வேன். கடைசி நாள் கொப்பியை வளவுக்குக் கொண்டுபோய் வாழைச் சருகோடு சேர்த்து எரித்துவிட்டார். அதற்குப் பிறகு அவருடைய முப்பது வருடக் கடல் என் கணினியைத் தவிர வேறெங்கும் இருக்கவில்லை.

அந்தப் போனில் இன்னொரு வித்தை உண்டு. அது எங்கே நிற்கிறது என்பதை நாமே சொல்லிக்கொடுக்கலாம். உலகப் படத்தில் ஓர் இடத்தைத் தொட்டால், போன் தான் அங்கேதான் நிற்பதாக நினைத்துக்கொள்ளும். விளையாட்டாக ஒரு நாள் அதை மண்டைதீவுக்கு அப்பால் கடலில் விட்டுக் காட்டினேன். சிறு நீலப் பொட்டு தண்ணீரில் நின்றது. அண்ணை என் கையிலிருந்து மவுஸை மெதுவாக வாங்கினார்.

அன்றிலிருந்து ஞாயிறு தவறாமல் வந்தார். காலைப் பூசை முடிந்ததும் பருத்தித்துறை பஸ்ஸில் ஏறி நீர்வேலிச் சந்தியில் இறங்குவார். கையில் மீன் பை இருக்கும். முப்பது வருடம் மீனை விற்ற மனிதர் சந்தையில் நின்று செவுளைத் தூக்கிப் பார்த்து மீன் வாங்கி வருவதைப் பற்றி நாங்கள் கதைப்பதில்லை. முகம் கழுவி, தேத்தண்ணி குடித்து, கணினிக்கு முன் இருப்பார். நான் யன்னலைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். பூட்டுத் திறக்கிற நான்கு தட்டல் கேட்கும். பிறகு மவுஸ் மேசையில் உரசுகிற சத்தம் மட்டும். போனை ஒரு கல்லிலிருந்து அடுத்த கல்லுக்குக் கொண்டுபோவார். அவசரமே இல்லை. உண்மையில் போட் எவ்வளவு நேரம் எடுக்குமோ அவ்வளவு நேரம் எடுப்பார் போல இருக்கும். காற்று வாழைக்குள் புகுந்து இலைகள் ஒன்றோடொன்று அடித்துக்கொள்ளும்போது எனக்கே சில நேரம் எங்கே நிற்கிறேன் என்று மறந்துவிடும். இலைச் சத்தமா அலைச் சத்தமா என்று பிரிக்கத் தெரியாது, பிரிக்க மனமும் வராது.

"எங்கை நிக்கிறியள் அண்ணை?" என்று திரும்பாமலே கேட்பேன்.

"கடலிலை" என்பார்.

ஒவ்வொரு ஞாயிறும் அதே கேள்வி, அதே பதில். அதற்குப் பிறகு மீன்குழம்பு கொதிக்கிற மணம் வரும், அவர் எழும்பிக் கை கழுவப் போவார்.

இப்படி இருக்கும்போதுதான் கம்பனி, கருவிகளின் புதிய பதிப்புக்கு எல்லோரும் மாற வேண்டும் என்று அறிவித்தது. திங்கட்கிழமைக்குள் மாற வேண்டும். என் கணினியோ இடமில்லை என்று அடம்பிடித்தது. அதற்குக் குற்றவாளி நான்தான். இந்தக் கருவிகளை நிறுவும்போது ஒரு நீளப் பட்டியல் வரும். வேண்டியவற்றுக்கு மட்டும் கட்டத்தில் சரி போட வேண்டும். கொழும்பில் உள்ளவர்கள் நான்கு சரி போட்டுவிட்டுத் தேத்தண்ணி குடிக்கப் போவார்கள். நான் அத்தனை கட்டத்துக்கும் சரி போட்டவள். கரண்ட் இருக்கும்போதே மோட்டரைப் போட்டு, தொட்டி, வாளி, அண்டா, கடைசியில் சோற்றுப் பானை வரைக்கும் நிரப்பி வளர்ந்த பிறவிகள் நாங்கள். இணைப்பு நன்றாக இருக்கிற நேரத்தில் வருகிறதெல்லாம் இறக்கி வைத்துவிட வேண்டும், நாளைக்கு வருமோ வராதோ. தேவைப்படாதது கிடந்துவிட்டுப் போகட்டும்.

கிடந்தவை இப்போது வழியை மறித்தன. இவருக்கு விளங்கப்படுத்தியபோது சிரித்தார். வாழைக்குட்டி எல்லாவற்றையும் விட்டு வைத்தால் தாய் வாழை குலை போடாது, வேண்டாததை வெட்டிவிட வேண்டியதுதானே என்று தோட்டக்காரனாகப் புத்தி சொன்னார். அது சரியாகத்தான் பட்டது.

வியாழக்கிழமை மத்தியானத்துக்கு முன் அந்தப் பட்டியலைத் திறந்தேன். நிறுவியதை மாற்றுவதற்கென்று ஒரு பொத்தான் உண்டு. அதை அமத்தினால் பழைய சரிகள் எல்லாம் வரிசையாக வந்து நிற்கும். ஒவ்வொன்றாக எடுக்கத் தொடங்கினேன். நான் ஒரு நாளும் எழுதாத மொழிகள், செய்யாத விளையாட்டுகள், தொடாத இயந்திரங்கள். ஒரு சரியை எடுக்க எடுக்கக் கீழே இடம் கூடிக்கொண்டு போனது. வீடு கூட்டுவதில் கிடைக்காத ஒரு சுகம் அதில் இருந்தது. போன் செயலிகளுக்கான பகுதி வந்தது. கம்பனி அந்த வேலையை விட்டு ஒரு வருடமாகிவிட்டது. அந்தச் சரியையும் அதற்குக் கீழே இருந்த குட்டிச் சரிகளையும் ஒரேயடியாக எடுத்தேன். நிச்சயமாகவா என்று கணினி கேட்டது. கேட்ட கேள்வியை வாசிக்காமல் ஓம் சொல்வது எங்கள் தொழிலில் உள்ளவர்களின் வியாதி. ஓம் என்றேன்.

வெள்ளிக்கிழமை காலை உடுப்புக் காயப் போட்டுக்கொண்டிருந்தேன். ஞாயிறு அண்ணை வரும்போது இந்த முறை விளைமீன் கிடைக்குமோ என்று ஒரு யோசனை வந்தது. அந்த யோசனையின் வாலைப் பிடித்துக்கொண்டு மற்ற யோசனையும் வந்தது: நேற்று எடுத்த குட்டிச் சரிகளில் கடலும் ஒன்று. கையிலிருந்த பெட்ஷீட்டை அப்படியே வாளிக்குள் போட்டுவிட்டு ஓடினேன்.

போன் நின்ற இடத்தில் வெறும் வெள்ளைச் சதுரம் இருந்தது. அதைத் தொட்டேன். எதுவும் எழும்பவில்லை.

எனக்கு முதலில் கோபம்தான் வந்தது. அண்ணை மேல், அவருடைய சத்தியத்தின் மேல், மீனை ஒளிக்கிற எங்கள் கரை முழுவதின் மேலும் வந்தது. பிறகு என் மேல் வந்தது, போகவே இல்லை. தோட்டத்தால் வந்த இவருக்குச் சொன்னேன். சேற்றுக் கையோடு கதவடியில் நின்று முழுவதையும் கேட்டார். கணினியைப் பற்றி அவருக்கு ஒன்றும் தெரியாது.

"மேலாலை வெட்டினனியோ, கிழங்கோடை கிண்டினனியோ?" என்று கேட்டார்.

இந்த நேரத்திலும் வாழைதானா என்று சீறிவிழுந்தேன். அவர் கை கழுவக் கிணற்றடிக்குப் போனார். ஆனால் அந்தக் கேள்வி போகாமல் அங்கேயே நின்றது. நான் நீக்கியது போனை ஓட வைக்கிற பகுதிகளை. போனுக்குள் எழுதப்பட்டவை எங்கே இருக்கும்? கருவிகள் இருக்கிற இடத்தில் அல்ல, என் பெயரில் உள்ள கோப்புகளுக்குள், கண்ணுக்குத் தெரியாமல் மறைத்து வைத்த ஒரு கோப்புறையில். அங்கே போய்ப் பார்த்தேன். கடல் என்ற பெயரில் ஓர் உறை கிடந்தது. திறக்கவும் முடியாமல், வாசிக்கவும் முடியாமல், கனத்துக்கொண்டு கிடந்தது. கிணற்றடிக்குப் போய் அவரிடம் மன்னிப்புக் கேட்டேன். அவர் கையைத் துடைத்துக்கொண்டு, வாளிக்குள் கிடந்த மிச்ச உடுப்பைக் கொடியில் காயப் போடப் போனார்.

ஆனால் அதை எழுப்ப, முன்னே இருந்த அதே பதிப்புத்தான் வேண்டும். பட்டியல் புதியதையே திரும்பத் திரும்ப நீட்டியது. பழையவற்றையும் காட்டு என்று ஒரு மூலையில் இருந்த கட்டத்துக்குச் சரி போட்ட பிறகுதான் அது கடைசி வரியில் தலைகாட்டியது. நல்லகாலம், இடம் நிறைய இருந்தது. அந்த இடத்தை இதை அழித்தல்லவா எடுத்தேன் என்று நினைக்கச் சிரிப்பும் வந்தது. சனிக்கிழமை காலையில் இறக்கத் தொடங்கினேன். அரைவாசிக்குக் கொஞ்சம் மேலே போனபோது கரண்ட் நின்றது. லைன் திருத்த வேலை, பின்னேரம் ஐந்து மணி வரைக்கும் வராது என்று முதல் நாளே சொல்லியிருந்தார்கள். எனக்குத்தான் நினைவில் இருக்கவில்லை. கணினியின் பற்றரியும் மத்தியானத்தோடு அணைந்தது.

அந்தப் பின்னேரம் எவ்வளவு நீளம் என்று எனக்குத்தான் தெரியும். யன்னலோரம் இருந்து வாழையைப் பார்த்தேன். வெயில் இலைக்கூடாக வந்து பச்சையாகச் சுவரில் அசைந்தது. அணைந்த கணினி மடியில் இருந்தது. அதற்குள் இருபத்து மூன்று கல்லும், அவற்றைச் சுற்றித் தண்ணீரும், தண்ணீருக்கு மேல் வெயிலும் மடித்துக் கிடக்கின்றன என்று நினைத்தேன். நான் அவற்றில் ஒன்றைக்கூடக் கண்டதில்லை. ஆனாலும் கண்ணை மூடினால் நீலத்தில் அந்தப் பொட்டு தெரிந்தது. அது எந்தப் பக்கமும் போகாமல், ஆரோ வந்து மவுஸைத் தொடட்டும் என்று காத்திருந்தது. கண் அயர்ந்துவிட்டேன் போல. கரண்ட் வந்து காற்றாடி சுற்றத் தொடங்கிய சத்தத்தில்தான் விழித்தேன்.

பொழுது படுகிற நேரம் எல்லாம் இறங்கி முடிந்தது. போனை எழுப்பினேன். கறுப்பாக நின்றது, நின்றது, பிறகு மெல்ல வெளித்தது. அண்ணையின் செயலிக்கென்று நான் கீறிய சின்னப் போட்டின் படம் திரையில் இருந்தது. தொட்டேன். நான்கு இலக்கம் கேட்டது.

அதோடு என் வழி முடிந்தது. பூட்டு இருக்கிறது, சரி. உள்ளே இருபத்து மூன்றும் இருக்கின்றனவா, வியாழக்கிழமை நான் வெட்டியதில் ஏதாவது சிதைந்துவிட்டதா என்று திறக்காமல் தெரியாது. பூட்டுச் செய்தவள் நான். பின்பக்கத்தால் திறக்க எனக்கு இரண்டு நிமிடம் காணும். உள்ளே ஒருக்கா பார்த்தால் நிம்மதியாக இருக்கும் என்று இவரும் சொன்னார். கை மவுஸ் வரைக்கும் போனது. ஆனால் நான் பார்த்துவிட்டால் நாளையிலிருந்து அது அண்ணையுடைய கடல் மட்டும் இல்லை. கணினியை மூடி வைத்துவிட்டு அரிசி களையப் போனேன்.

ஞாயிறு அண்ணை வந்தார். பையில் விளைமீன்தான் இருந்தது. வழமையைவிடக் களைத்திருந்தார், தேத்தண்ணியைப் பாதியில் வைத்தார். கணினிக்கு முன் இருக்கப் போனவரை மறித்து எல்லாவற்றையும் சொன்னேன். நான் அழித்ததை, தேடியதை, திரும்ப வைத்ததை, உள்ளே என்ன மிஞ்சியது என்று தெரியாததை.

"திறந்து பாத்தனியோ?" என்று மட்டும் கேட்டார்.

இல்லை என்றேன். தலையை ஆட்டிவிட்டுக் கதிரையில் இருந்தார். நான் யன்னல் பக்கம் திரும்பினேன். நான்கு தட்டல் கேட்டது. அதன் பிறகு ஒன்றும் கேட்கவில்லை. வாழையும் அசையவில்லை. அவர் வாய்க்குள் எண்ணுகிறார் என்று விளங்கியது. நானும் எண்ணினேன், பதினேழோடு கணக்குப் பிழைத்துவிட்டது, திரும்பத் தொடங்கினேன்.

"கிடக்கு, எல்லாம் கிடக்கு" என்றார்.

யன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டேன். சந்தோசத்தில் அழுதேன் என்று சொல்ல எனக்கு வெட்கமில்லை. ஆனால் அண்ணை மவுஸை அசைக்கவில்லை. கொஞ்சம் பொறுத்து, கொப்பி ஒன்றை எடுத்துக்கொண்டு வரச் சொன்னார்.

"இஞ்சை திரும்பு தங்கச்சி. நான் சொல்லுறன், நீ எழுது. வியாழக்கிழமை டொக்டர் சொல்லிப்போட்டார். இனிக் கடல் இல்லையாம். பிறகு ஆருக்கு ஒளிக்கிறது?"

வியாழக்கிழமை. நான் சரிகளை எடுத்துக்கொண்டிருந்த அதே நாள். மூன்று நாளாக அவர் அதை ஒருவருக்கும் சொல்லாமல் வைத்திருந்திருக்கிறார். இரண்டு வருடமாக நான் மனதுக்குள் கெஞ்சியது இந்தப் பிரதிக்குத்தான். இப்போது அவராகத் தருகிறார், எனக்கு அதை வாங்கக் கை வரவில்லை. திரும்பப் போகிறவன்தான் இடத்தை ஒளிப்பான். அண்ணை சொல்லத் தொடங்கிவிட்டால் அவர் கரையில் ஏறிவிட்டார் என்று அர்த்தம். அப்படி அவரை ஏற்றிவிடுகிற ஆள் நானாக இருக்க மாட்டேன் என்று பிடிவாதம் வந்தது. பிரதி எடுக்காமல் வைப்பது எவ்வளவு மடைத்தனம் என்று நேற்றுத்தான் பட்டவள் நான். இருந்தும் திரும்பவில்லை. கொப்பி எடுக்கவும் போகவில்லை. கம்பியை இன்னும் இறுக்கப் பிடித்துக்கொண்டு வாழையையே பார்த்தேன்.

அண்ணை இரண்டாம் தரம் கூப்பிட்டார். மூன்றாம் தரம் கூப்பிடவில்லை. குசினியில் இவர் மீன் வெட்டுகிற சத்தம் கேட்டது. பிறகு பின்னால், மேசையில், மவுஸ் மெல்ல உரசத் தொடங்கியது.

உரசுவதும் நிற்பதும் உரசுவதுமாக வெகுநேரம் போனது. காற்று எழும்பி இலைகள் அடித்துக்கொண்டன. நான் கண்ணைத் துடைத்தேன்.

"எங்கை நிக்கிறியள் அண்ணை?" என்று கேட்டேன்.

மேசையில் மவுஸ் நின்றது.

"கடலிலை" என்றார்.